கடைசியா எப்ப அழுதீக?

சின்னமனூரிலிருந்து வந்த முதல் மாப்பிள்ளையிடம் திராட்சைத் தட்டை நீட்டிய சுபாஸ்ரீ அப்படியே உள்ளே போய்விடவில்லை. எதிரில் கிடந்த பிளாஸ்டிக் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, "நீங்க கடைசியா எப்ப அழுதீக?" என்று கேட்டாள்.

மாப்பிள்ளையின் பெயர் விஜய்ராஜ். டிராக்டர் ஷோரூமில் மேலாளர். வாயில் போட்ட திராட்சையை அவர் மெல்லவும் இல்லை, விழுங்கவும் இல்லை.

"நான் எதுக்குங்க அழணும்? நல்லாத்தான இருக்கேன்?" என்றவர், சந்தேகம் வந்து தன் அம்மா பக்கம் திரும்பினார். "ஏம்மா, நான் அழுதிருக்கேனா?"

"பெறந்தப்பக்கூட அழலம்மா" என்றார் அந்த அம்மாள் பெருமையாக. "டாக்டர் தலைகீழாத் தொங்கவிட்டு அடிச்சாரு. அப்பவும் அவர மொறைச்சுத்தான் பார்த்தான்."

அந்தச் சம்பந்தம் அத்தோடு முடிந்தது.

சுபாஸ்ரீயின் அப்பா ஈஸ்வரபாண்டிக்குச் சுருளிப்பட்டியில் மூன்று ஏக்கர் பன்னீர் திராட்சை. பந்தலுக்குக் கீழே குனிந்தே நடந்து பழகியதால் வீட்டுக்குள்ளும் கொஞ்சம் குனிந்தே நடப்பார். மீசை மட்டும் குனியாது. அம்மா பஞ்சம்மாள் கணவரை விடச் சத்தமாகப் பேசுவார், அவரை விடக் கூடுதலாக வேலையும் செய்வார். ஒரே மகளை மதுரையில் கண் பரிசோதனைப் படிப்பு படிக்க வைத்தார்கள். அவள் கம்பத்தில் ஒரு கண் மருத்துவமனையில் வேலைக்குப் போய், நாள் முழுக்க மனிதர்களை எழுத்துப் பலகையின் எதிரே உட்காரவைத்து "இது தெரியுதா, இது தெரியுதா" என்று கேட்டுக்கொண்டிருந்தாள். போகிற வருகிற பஸ்ஸில் நாவல் படித்தாள்.

எல்லாம் காதல் நாவல்கள். செல்போனில் ஒரு செயலி, அதில் தன் படத்தையே போடாத ஓர் எழுத்தாளர், வாரத்துக்கு இரண்டு அத்தியாயம். அந்த நாவல்களில் வரும் கதாநாயகன் யாரையும் அடிக்க மாட்டான். பெட்ரோல் பங்கில் வேலை பார்க்கிற ஒருவனுக்குத் திக்குவாய். "நிரப்பட்டுமா" என்று சொல்வதற்குள் வண்டிக்காரன் போய்விடுவான் என்று பயந்து பயந்து வேலை செய்வான். இன்னொருவன் மனைவியை இழந்த தையல்காரன், வயது நாற்பத்திரண்டு, தலையில் முடி கிடையாது. அவனுடைய கதாநாயகிக்கு எடை தொண்ணூறு கிலோ. அவள் அளவு கொடுக்கக் கூச்சப்படுவாள், அவன் டேப்பை எடுக்கவே கூச்சப்படுவான். ஒரு காது கேட்காத பிரியாணி மாஸ்டர் ஒருவன், தேவாலயத்தில் ஆர்கன் வாசிக்கிற பெண்ணைக் காதலித்தான். எல்லோரும் ஏதோ ஓர் அத்தியாயத்தில் உட்கார்ந்து, "எனக்குப் பயமா இருக்கு" என்று சொல்வார்கள். அந்த இடம் வந்தால் சுபாஸ்ரீ தான் இறங்க வேண்டிய நிறுத்தத்தைத் தவறவிடுவாள்.

விஜய்ராஜ் போன பிறகு பஞ்சம்மாள் மகளைப் பிடித்துக்கொண்டார்.

"பயப்படுறவனுக்கு எவளாச்சும் வாக்கப்படுவாளாடி?"

"எல்லாருந்தாம்மா பயப்படுறாக. சொல்றவுகளுக்கு வாக்கப்படலாம்ல?"

"சொல்லி என்னத்தப் பண்ண?"

"கேட்டுக்கிறது. அவ்வளவுதான்."

தரகர் ஒச்சாண்டிக்கு இது பிடிபடவில்லை. ஆனால் அவர் விடுகிற ஆளும் இல்லை. தேனி குமுளி பஸ்ஸில் இருபது வருஷம் கண்டக்டராக இருந்தவர். நிற்க இடமில்லாத பஸ்ஸில் ஐம்பது பேரை ஏற்றத் தெரிந்தவருக்கு ஒரு மாப்பிள்ளைக்குக் கண்ணீரை ஏற்றத் தெரியாதா? அடுத்து வந்த உத்தமபாளையத்து மாப்பிள்ளை, கேள்வி வந்ததுமே தலையைக் குனிந்துகொண்டு, "எங்க வீட்டு நாய் மணி செத்தப்பதாங்க" என்றான். லாரிக்கு அடியில் போய்விட்டதாம். துண்டில் சுற்றித் தூக்கிக்கொண்டு ஓடினானாம். சுபாஸ்ரீ அவனுக்கு இன்னொரு கொத்துத் திராட்சை எடுத்துக் கொடுத்தாள். யோசித்துச் சொல்வதாக அனுப்பிவைத்தாள்.

மறு வாரம் உத்தமபாளையம் பக்கமே வேறொரு கிராமத்திலிருந்து மூன்றாவது மாப்பிள்ளை வந்தான். அவனும் தலையைக் குனிந்தான். "எங்க வீட்டு நாய் மணி..."

"லாரியா?" என்றாள் சுபாஸ்ரீ.

"ஆமாங்க. உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"போன வாரமும் செத்துச்சு."

ஒச்சாண்டி வாசலுக்குப் போய்ச் செருப்பை மாட்டிக்கொண்டார்.

நான்காவது மாப்பிள்ளைக்குக் கதை கொடுக்காமல் கைக்குட்டை கொடுத்து அனுப்பினார். போடியில் ஏலக்காய் வியாபாரம் செய்கிற குடும்பம், நல்ல நிறம், அமைதியான முகம். கேள்வியைக் கேட்டதும் கைக்குட்டையால் கண்ணை ஒற்றினான். மறு நிமிஷம் கண் கொவ்வைப் பழமாகிவிட்டது. கண்ணீர் அருவியாகக் கொட்டியது. அறை முழுக்கத் தைல வாசம். சுபாஸ்ரீ துள்ளி எழுந்தாள்.

"அண்ணே, தேய்க்காதீக! அம்மா, தண்ணி கொண்டா! அண்ணே, அண்ணாந்து பாருங்க, கண்ண மூடாதீக!"

பத்து நிமிஷம் அவன் கண்ணைக் கழுவிவிட்டாள். வேலை பார்க்கிற இடத்துப் பழக்கத்தில், மூன்று நாளைக்கு வெயிலில் போக வேண்டாம் என்று சொல்லியும் அனுப்பினாள். அவள் அண்ணே என்று எட்டுத் தடவை கூப்பிட்டதை மாப்பிள்ளையின் அத்தை விரல் விட்டு எண்ணியிருந்தார். அதற்கு மேல் பேச ஒன்றும் இல்லை.

பஞ்சம்மாளுக்குப் பொறுக்கவில்லை. மகள் தலையில் என்ன விஷம் ஏறியிருக்கிறது என்று தெரிந்துகொள்ளத் தன் போனிலேயே அந்தச் செயலியைப் போட்டுக் கேட்க ஆரம்பித்தார். நாவலை ஒரு பெண் குரல் வாசிக்கும். போனை இடுப்பில் சொருகிக்கொண்டு பந்தலுக்குப் போனார். திராட்சை வெட்டுகிற வேலைக்கு வந்திருந்த மூக்கம்மாளும் மற்றப் பெண்களும் அவரைச் சுற்றி வட்டமாகக் கொத்து வெட்டத் தொடங்கினார்கள். அன்று மாலை பார்த்தபோது தோட்டத்தில் பஞ்சம்மாளைச் சுற்றி ஒரு வட்டம் மட்டும் துப்புரவாக வெட்டப்பட்டு, மற்ற இடமெல்லாம் பழம் அப்படியே தொங்கியது.

"ஏ பஞ்சு, அந்தப் பக்கம் யாரு வெட்டுறது?" என்றார் ஈஸ்வரபாண்டி.

"அங்கன கேக்க மாட்டேங்குதுங்க."

மறுநாள் அவர் டவுனுக்குப் போய்ப் பெரிய ஸ்பீக்கர் ஒன்று வாங்கி வந்து பந்தல் கம்பியில் கட்டினார். வேறு வழியில்லை, பழம் அழுகிவிடும். தையல்காரன் தன் இறந்துபோன மனைவியின் ஜாக்கெட்டைப் பிரிக்க முடியாமல் உட்கார்ந்திருந்த அத்தியாயம் மூன்று ஏக்கருக்கும் கேட்டது. பக்கத்துத் தோட்டத்து ஆட்களும் வேலியோரம் வந்து வேலை செய்தார்கள்.

"என்னா மனுசன் பாருங்க" என்று மூக்கம்மாள் முந்தானையால் மூக்கைச் சிந்தினாள். "எம் புருசன் முப்பது வருசத்துல எங்கிட்ட சொன்ன ஒரே வருத்தம் கொழம்புல உப்பு இல்லங்கிறதுதான். அவருக்கு வேற கவலையே இல்லைன்னு நெனைச்சுக்கிட்டேன். செத்த பெறகு பார்த்தா சட்டைப் பையில நெஞ்சு வலி மாத்திரை கெடக்கு. ஒரு வார்த்தை சொல்லியிருந்தா நான் என்ன கடிச்சா தின்னுருவேன்?"

பஞ்சம்மாள் ஸ்பீக்கரை நிறுத்தினார். கத்தரிக்கோல் சத்தம் மட்டும் கேட்டது.

அன்று மத்தியானம் சாப்பாட்டுத் தூக்கைத் திறந்துகொண்டே பஞ்சம்மாள் கணவரிடம் கேட்டார். "ஏங்க, நீங்க கடைசியா எப்ப அழுதீக?"

ஈஸ்வரபாண்டி மோட்டார் போடப் போவதாகச் சொல்லிவிட்டு எழுந்துபோனார். அந்த நேரத்தில் கரண்ட் கிடையாது. இரண்டு நாள் அவர் மனைவி கண்ணில் படாமல் கிணற்றைச் சுற்றியே நடமாடினார். மூன்றாம் நாள் பம்புசெட் அறைக்குப் பஞ்சம்மாளே காபியோடு போனார். இனி ஓட இடமில்லை.

"அணைப் பிரச்சனை நடந்துச்சுல்ல" என்றார் ஈஸ்வரபாண்டி, மோட்டாரைப் பார்த்துக்கொண்டு. "லோயர் கேம்ப் வழியா எல்லாரும் குமுளி எல்லைக்கு நடந்து போனோம்ல. அப்ப."

"போலீஸ் அடிச்சாகளா?"

"அதெல்லாம் இல்ல. நான் இந்தப் பக்கம் நின்னு கோஷம் போடுறேன். அந்தப் பக்கம் பார்த்தா சாக்கோ நிக்கிறான். நம்ம குமுளி சாக்கோ, பதினெட்டு வருசமா நம்மகிட்டத்தான பழம் எடுத்தான். அவனும் கழுத்து நரம்பு பொடைக்கக் கத்துறான். என்னையப் பார்த்துட்டான். கத்திக்கிட்டே கைய இப்பிடி இப்பிடிக் காட்டுறான்."

"திட்டுனானா?"

"செவ்வாக்கிழமை லோடு வருமான்னு கேக்குறான். வராதுன்னு நானும் கையக் காட்டுனேன். தலைய ஆட்டிட்டு மறுபடி கத்துனான். நானும் கத்துனேன். வீட்டுக்கு வந்து... இதோ இங்கனதான் உக்கார்ந்திருந்தேன்."

"ராத்திரிச் சாப்பாட்டுக்கு வரலைன்னு உங்களைத் திட்டுனேனே, அன்னைக்கா?"

"ஆமா."

பஞ்சம்மாள் காபியை அவர் கையில் கொடுத்துவிட்டு, உரச் சாக்கின் மேல் பக்கத்திலேயே உட்கார்ந்தார். வெளியே பெண்கள் அடுத்த அத்தியாயத்துக்காகக் கூப்பிட்டார்கள். அவர் போகவில்லை. அதற்குப் பிறகு மகள் மாப்பிள்ளைகளிடம் கேட்கிற கேள்வியைப் பற்றி அவர் ஒரு வார்த்தை சொல்லவில்லை.

ஐந்தாவதாக வந்தவன் கார்த்திக்ராஜ். சொந்த ஊர் பெரியகுளம், லோயர் கேம்ப் மின் நிலையத்தில் ஷிப்ட் வேலை. அப்பா இல்லை, அம்மா பவானியோடும் ஒச்சாண்டியோடும் வந்திருந்தான். அன்றைக்குத் தோட்டத்தில் வேலை ஓடவில்லை. மூக்கம்மாளும் மற்றவர்களும் ஜன்னலுக்கு வெளியே துணி காயப்போடுவது போல் நின்றார்கள். அவர்கள் கையில் துணி ஒன்றும் இல்லை.

கார்த்திக்ராஜ் உட்கார்ந்ததுமே சிரித்தான். முதலில் மூக்கால் ஒரு சத்தம். பிறகு தோள் குலுங்கியது. பவானி அவன் தொடையைக் கிள்ளினார். இன்னும் பலமாகச் சிரித்தான். ஈஸ்வரபாண்டி தன் மீசையில் ஏதாவது ஒட்டியிருக்கிறதா என்று தடவிப் பார்த்தார்.

சுபாஸ்ரீ உட்கார்ந்தாள். "நீங்க கடைசியா எப்ப அழுதீக?"

"எனக்கு அழுகை வராதுங்க" என்றான் அவன், மூச்சு வாங்க. "அழுகை வர வேண்டிய எடத்துல சிரிப்பு வந்துருது. சின்னப் பிள்ளையிலருந்தே அப்பிடித்தான். அப்பா செத்தப்பவும் சிரிச்சேன். கொள்ளிக் குடத்தத் தோள்ல வச்சுக்கிட்டு மூணாவது சுத்துல ஆரம்பிச்சுச்சு. மாமா கன்னத்துல அறைஞ்சாரு. நிக்கல. இப்ப எங்க தெருவுல யாரு செத்தாலும் எனக்கு மட்டும் சொல்ல மாட்டாக. மறுநாள் பேனர்ல பார்த்துத்தான் தெரிஞ்சுக்குவேன்."

அறையில் யாரும் சிரிக்கவில்லை.

"அப்பாவ எனக்கு ரொம்பப் பிடிக்கும்" என்று சொன்னவன், நாற்காலி ஆடுகிற அளவுக்குச் சிரித்தான். பவானி முகத்தை மூடிக்கொண்டார்.

"இப்ப எதுக்குச் சிரிக்கிறீக?" என்றார் ஈஸ்வரபாண்டி.

"பயமா இருக்குங்க."

ஜன்னலுக்கு வெளியே மூக்கம்மாள் "அய்யோ" என்றாள், தாங்க முடியாமல்.

சுபாஸ்ரீ மட்டும் இளகவில்லை. செத்த நாயும் தைலக் கைக்குட்டையும் பார்த்தவள் அவள். இது ஒச்சாண்டியின் புது வித்தையாக இருந்தால்? உள்ளே போய்க் கைப்பையை எடுத்து வந்தாள். அதில் கண்ணீர் எவ்வளவு சுரக்கிறது என்று பார்க்கிற காகிதப் பட்டைகள் இருந்தன. கீழ் இமைக்குள் ஒரு நுனியை மாட்டி ஐந்து நிமிஷம் விட்டால், பட்டை எத்தனை மில்லிமீட்டர் நனைகிறது என்று பார்த்துச் சொல்லிவிடலாம்.

"டெஸ்ட் பண்ணலாமா?"

"பண்ணுங்க" என்றான் கார்த்திக்ராஜ்.

இரண்டு கண்ணிலிருந்தும் வெள்ளைப் பட்டை தொங்க, அவன் சுவரில் காலண்டரைப் பார்த்தபடி உட்கார்ந்தான். பெண் வீட்டாரும் மாப்பிள்ளை வீட்டாரும் எதிரெதிரே வாயைத் திறக்காமல் இருந்தார்கள். சுபாஸ்ரீ கைக்கடிகாரத்தைப் பார்த்தாள். இரண்டாவது நிமிஷத்தில் அவன் சிரித்தபோது பட்டைகள் படபடத்தன. ஒச்சாண்டி தனக்குத் தெரிந்த எல்லாச் சாமிகளையும் கும்பிட்டார்.

ஐந்து நிமிஷம் ஆனதும் அவள் பட்டைகளை எடுத்து வெளிச்சத்தில் பிடித்தாள். "மூணு மில்லிமீட்டர். பதினஞ்சாச்சும் வரணும். உங்களுக்கு நெசமாவே கண்ணு வறண்டிருக்கு. சொட்டு மருந்து எழுதித் தரச் சொல்லணும்."

"நல்ல மாப்பிள்ளைம்மா" என்று ஒச்சாண்டி குறுக்கே விழுந்தார். "வேல இருக்கு, குவார்ட்டர்ஸ் இருக்கு. கண்ணீரு மட்டுந்தான் கொஞ்சம் கம்மி."

சிவந்த கண்ணைக் கொட்டியபடி கார்த்திக்ராஜ், "நான் ஒண்ணு கேக்கலாமா?" என்றான். "நீங்க எதுக்குங்க பயப்படுறீக? யார்கிட்டயும் சொல்லாதது எதாச்சும்?"

சுபாஸ்ரீ எழுந்தாள். "போன் வருது" என்றாள். அவள் போன் மேசை மேல் கிடந்தது, அதில் வெளிச்சம்கூட இல்லை. அதை அங்கேயே விட்டுவிட்டு வாசலைத் தாண்டி, மூக்கம்மாள் கூட்டத்தைத் தாண்டி, திராட்சைப் பந்தலுக்குள் நுழைந்துவிட்டாள்.

பந்தலுக்கடியில் நிழலாகவும் ஈரமாகவும் இருந்தது. பன்னிரண்டு நாவல் படித்திருந்தாள். அத்தனை கதாநாயகர்களும் அவளிடம் மனதைத் திறந்து காட்டியிருந்தார்கள். ஒருவன்கூட அவளைத் திருப்பிக் கேட்டதில்லை. அதில்தான் எவ்வளவு சௌகரியம் இருந்தது என்று இப்போது தெரிந்தது. வந்த ஐந்து ஆண்களையும் நாற்காலியில் உட்காரவைத்துக் கேட்ட கேள்வியைத் தன்னிடம் யாராவது கேட்டிருந்தால் எழுந்து ஓடியிருப்பாள். இன்று ஓடியும்விட்டாள். அவளுக்கு எரிச்சலாக வந்தது, அவன் மேலா தன் மேலா என்று தெரியாமல்.

பின்னாலேயே வந்த ஈஸ்வரபாண்டி நாலடி தள்ளிக் குனிந்து நின்றார்.

"வேணாம்னா வேணாம்னு சொல்லிருவோம் ஆத்தா."

"அதுக்கில்லப்பா."

"பெறகு?"

பதில் சொல்லாமல் அவள் வீட்டுக்குத் திரும்பி நடந்தாள். உள்ளே வந்து அதே நாற்காலியில் உட்கார்ந்து, கைப்பையிலிருந்து ஒரு சின்ன டப்பாவை எடுத்தாள். அதைப் பார்த்ததுமே பஞ்சம்மாள் பதறினார்.

"ஏ சுபா, வேணாம்டி! எல்லாரும் இருக்காக!"

சுபாஸ்ரீ இரண்டு கண்ணிலிருந்தும் லென்ஸைக் கழற்றி டப்பாவுக்குள் போட்டாள்.

"எனக்கு மைனஸ் ஒன்பது" என்றாள். "இப்ப நீங்க எனக்கு வெள்ளையா ஒரு சட்டை, அதுக்கு மேல கறுப்பா ஒரு உருண்ட. அவ்வளவுதான் தெரியுது. கல்யாணம் முடியிற வரைக்கும் கண்ணாடி போடக் கூடாதுன்னு அம்மா சொல்லிருக்காக. கண்ணு டெஸ்ட் பண்றவளுக்கே கண்ணு தெரியலைன்னு ஊரு சிரிக்கும்ல. தெனமும் ஆஸ்பத்திரியில வேலைக்கு நடுவுல லென்ஸ் நழுவி விழுந்துருமோன்னு பயந்து பயந்து சாகுறேன். ஒரு தடவை விழுந்துருச்சு. ஒரு பெரியவர எழுத்த வாசிக்கச் சொல்லிட்டு, அவரு சொன்னது சரியா தப்பான்னு எனக்கே தெரியாம எல்லாத்துக்கும் சரின்னு சொல்லிட்டேன். மறுநாள் போன் பண்ணி வரவச்சு மறுபடி பார்த்தேன். அவரு ஏம்மான்னு கேட்டாரு. மிஷின் ரிப்பேர்னு சொன்னேன்."

சொல்லி முடிக்கையில் குரல் உடைந்தது. கண்ணீர் தாராளமாக வந்தது. அளந்திருந்தால் பட்டை போதாது. பைக்குள் துழாவிக் கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டாள். கெட்டிக் கண்ணாடிக்குப் பின்னால் அவள் கண்கள் மிளகு அளவுக்குச் சிறுத்துப்போயின.

கார்த்திக்ராஜ் அவளைப் பார்த்துச் சிரித்தான்.

"இது எதுக்கு?" என்றாள் அவள், கண்ணைத் துடைத்துக்கொண்டே. "வருத்தமா?"

"தெரியலைங்க" என்றான் அவன். "இது புதுசா இருக்கு."

பவானி பஞ்சம்மாளிடம் இன்னும் கொஞ்சம் திராட்சை கேட்டார். ஒச்சாண்டி செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து உட்கார்ந்தார்.

பரிசம் போட்ட மறு வாரம், ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம், கார்த்திக்ராஜ் சுபாஸ்ரீயை லோயர் கேம்ப்புக்கு வரச் சொன்னான். மலையிலிருந்து இறங்கும் ராட்சதக் குழாய்களைக் காட்டினான். கால்வாய் ஓரம் உட்கார்ந்தார்கள். தண்ணீர் சத்தத்தில் கொஞ்சம் உரக்கப் பேச வேண்டியிருந்தது.

அவன் தன் பயங்களைச் சொல்ல ஆரம்பித்தான். மேலதிகாரி மீட்டிங்கில் கண்டிப்பாகப் பேசும்போது சிரிப்பு வந்துவிடுமோ என்ற பயம். பவானியின் முழங்கால். அப்பா கடைசியாகக் கேட்ட இளநீரை வாங்கிவரத் தாமதமானது. தாலி கட்டும்போது சிரித்துவிட்டால் அவள் வீட்டார் என்ன நினைப்பார்கள் என்பது. பல்லி. ஒவ்வொன்றுக்கும் நடுவில் நின்று சிரித்தான், பிறகு விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தான். சுபாஸ்ரீ கன்னத்தில் கை வைத்துக் கேட்டாள். நாவலில் கதாநாயகன் இதை மூன்று பக்கத்தில் முடித்துவிடுவான். கார்த்திக்ராஜுக்கு முக்கால் மணி நேரம் ஆகியிருந்தது, இன்னும் பல்லியிலேயே இருந்தான். இடுப்பு வலித்தது. ஒரு கால் மரத்துப்போயிருந்தது. எழுந்துபோக மட்டும் அவளுக்குத் தோன்றவில்லை.

"ஏங்க" என்றாள் கடைசியில். "ஒரு டீ குடிச்சிட்டுக் கேக்கட்டுமா?"

"வாங்க" என்று அவன் எழுந்து, மரத்துப்போன காலோடு தடுமாறியவளுக்குக் கை கொடுத்தான். "குடிச்சுக்கிட்டே சொல்றேன்."